‘இக்வானிமஸ்’ என்னும் ஆங்கிலப் பெயரடையும் அதன் தமிழ் நிகர்களும்

மனம் கலங்காதிருத்தலைக் குறிக்கும் பெயரடைகள் ஆங்கிலத்தில் பலவாக உள்ளன. அவற்றுள் ‘காம்’ என்பது எளிய சொல். கடலுக்கும் காற்றுக்கும் மனிதனுக்கும் ஒப்ப வழங்குவது. ‘இம்பெர்ட்டர்பபிள்’ என்பது நூல்வழக்கு மிக்கது. ‘அன்ஃப்ளாப்பபிள்’ என்பது இருபதாம் நூற்றாண்டில் பேச்சு வழக்கிலிருந்து ஏறிவந்தது. இவற்றோடு ஒருங்கு வைத்து எண்ணத்தக்கதாயினும், ஆங்கிலேயர் நாவில் மிக அருகியே வழங்குவது ‘இக்வானிமஸ்’ என்னும் சொல். இதன் பெயர்ச்சொல்லாகிய ‘ஈக்வனிமிட்டி’ கற்றோர் யாவரும் அறிந்தது. பெயரடையோ அகராதிகளில் இடம்பெற்றும் உரைநடையில் தேடிக் காணவேண்டிய நிலையில் உள்ளது. இங்ஙனம் அருகிய ஒரு சொல்லைத் தமிழாய்வு இதழில் எடுத்து ஆராய்வது எற்றுக்கு எனின், கூறுதும்.

மொழிபெயர்ப்பினைப் பாடமாகப் பயிலும் முதுகலை மாணவர் இச்சொல்லை ‘அமைதியான’ என்றே பெரும்பாலும் பெயர்க்கின்றனர். சிலர் ‘பற்றற்ற’ என்றும், இன்னுஞ் சிலர் ‘எதையும் பொருட்படுத்தாத’ என்றும் எழுதக் காண்கின்றோம். இம்மூன்றும் மூன்று வேறு மனிதரைக் குறிப்பன. ஒருவனைப் பாராட்ட எழுந்த சொல் மொழிபெயர்ப்பில் அவனைப் பழிக்கும் சொல்லாய் முடியுமாயின், அது சொல்லளவில் நிற்கும் பிழையன்று. ஆகவே இச்சொல்லின் பொருளை முதற்கண் அளந்து, பின்னர் அதற்கு நிகராக நிற்கத்தக்க தமிழ்ச் சொற்களை ஒவ்வொன்றாக நிறுத்துப் பார்ப்பதே ஈண்டு எம் நோக்கம்.

இலத்தீன் மொழியில் ‘ஈக்வுஸ்’ என்பது மேடுபள்ளமின்றிச் சமமாயிருப்பதைக் குறிக்கும். ‘அனிமுஸ்’ என்பது உள்ளம். இரண்டும் சேர்ந்து ‘ஒப்ப நிற்கும் உள்ளத்தை உடைய’ என்னும் பொருளைத் தந்தன. ‘ஈக்வனிமிட்டி’ என்னும் பெயர்ச்சொல் கி.பி. 1600ஐ ஒட்டி ஆங்கிலத்தில் புகுந்தபோது அதன் பொருள் மன அமைதி அன்று என்பது நினைவில் வைக்கத்தக்கது. அன்று அது நேர்மை, பக்கஞ்சாயாமை என்னும் பொருளிலேயே வழங்கியது. சில ஆண்டுகளுக்குள்ளாகவே ‘மனம் ஒருநிலைப்பட்டிருத்தல்’ என்னும் பொருள் அதனோடு சேர்ந்தது. நாளடைவில் முன்னைய பொருள் வழக்கொழிந்தது. பெயரடையும் அந்நூற்றாண்டிலேயே தோன்றியது. நீதிபதிக்குரிய குணமும் ஞானிக்குரிய குணமும் ஒரே சொல்லில் உடன்வாழ்ந்த காலம் ஒன்று ஆங்கிலத்தில் இருந்தது என்பதனைப் பின்னர் நாம் திருக்குறளை நோக்கும்போது மீண்டும் எண்ணுவோம்.

இச்சொற்களிடையே உள்ள பொருள் வேறுபாட்டினைத் தெளிவாகக் காட்டியவர் மருத்துவப் பேராசிரியர் வில்லியம் ஆஸ்லர். 1889ஆம் ஆண்டு மே மாதம் முதல் நாள், அமெரிக்காவின் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்று வெளியேறும் மருத்துவ மாணவர்க்கு அவர் ஆற்றிய விடைபெறும் உரையின் பெயர் ‘ஈக்வானிமிடாஸ்’. உரோமப் பேரரசன் அந்தோனைனஸ் பயஸ் கி.பி. 161இல் இறக்குந் தறுவாயில், காவலர்க்கு உரிய அடையாளச் சொல் யாது என வினவிய அதிகாரிக்கு இச்சொல்லையே கூறினான் என்பது பழைய வரலாற்றுச் செய்தி. ஆஸ்லர் அச்செய்தியை உட்கொண்டே தம் உரைக்குப் பெயரிட்டார். அவ்வுரையில் அவர் இரண்டு குணங்களைப் பிரித்துக் கூறுகின்றார். ஒன்று ‘இம்பெர்ட்டர்பபிலிட்டி’, இஃது உடலைச் சார்ந்தது. குருதி பெருகும் வேளையிலும் மருத்துவன் முகம் மாறாமல், கை நடுங்காமல் நிற்றல் என்க. மற்றொன்று ‘ஈக்வனிமிட்டி’, இஃது உள்ளத்தைச் சார்ந்தது. வெற்றியிலும் தோல்வியிலும், புகழிலும் நன்றிகொன்ற செய்கையிலும் உள்ளம் ஒப்ப நிற்றல். முன்னது பெரும்பாலும் பிறவியில் அமைவது; பின்னது பயின்று பெறுவது. மேலும், உணர்ச்சி மரத்துப்போதலை இவ்வமைதி எனக் கொள்ளலாகாது என்றும், நோயாளியின்பால் நெஞ்சம் கல்லாகிவிடக் கூடாது என்றும் அவர் உடன் எச்சரிக்கின்றார். அவ்வெச்சரிக்கை இச்சொல்லின் எல்லையை வகுத்துத் தருகின்றது.

எனவே இருவகை எல்லைகள் பெறப்படுகின்றன. ‘இம்பெர்ட்டர்பபிள்’ என்பவன் துன்பமும் அதிர்ச்சியும் வந்துழிக் கலங்காதவன். இன்பத்தில் அவன் எவ்வாறிருப்பான் என்பதைப் பற்றி அச்சொல் ஒன்றும் கூறுவதில்லை. ‘இக்வானிமஸ்’ என்பவனோ இரண்டு பக்கமும் சாயாதவன். இஃது ஓர் எல்லை. உணர்ச்சியற்றவன் இச்சொல்லுக்கு உரியனல்லன். உணர்ந்தும் சாயாதவனே உரியன். இஃது இரண்டாவது எல்லை. தமிழ் நிகர் எதுவாயினும் இவ்விரண்டு எல்லைக்கும் உட்பட்டு நிற்றல் வேண்டும்.

இனி, இங்கிலாந்தில் அருகிய இச்சொல் இந்தியாவில் பலர் காதுக்குப் பழகியதான ஒரு புதுமையைக் குறிப்பிடல் தகும். பர்மாவின் மாண்டலேயில் பிறந்த சத்திய நாராயண கோயங்கா (1924–2013), தம் ஆசிரியர் ஊ பா கின் அவர்களிடம் கற்ற விபாசனைத் தியான முறையை 1969 முதல் இந்தியாவில் கற்பித்தார். இகத்புரியில் தொடங்கிப் பல மாநிலங்களில் அதற்கென நிலையங்கள் எழுந்தன. சென்னையை அடுத்த திருமுடிவாக்கத்திலும் ஒன்று உண்டு. பத்து நாள் பயிற்சியில் ஒலிப்பதிவாகக் கேட்கப்படும் அவருடைய ஆங்கில அறிவுரைகளில் ‘இக்வானிமஸாக இருங்கள்’ என்னும் குறிப்பு மீண்டும் மீண்டும் வருவது. உடலில் தோன்றும் இனிய உணர்வினை விரும்பாமலும் இன்னாத உணர்வினை வெறுக்காமலும் நோக்கியிருத்தலே அங்குப் பொருள். அகராதியின் மூலையில் கிடந்த ஒரு பெயரடை இங்ஙனம் ஒரு நாட்டில் பயிற்சிச் சொல்லாக மறுவாழ்வு பெற்றது. ஆங்கிலேயர்க்குப் பெயர்ச்சொல்லே போதுமாயிருந்தது. ‘இவ்வாறு இரு’ என ஏவவேண்டிய இடத்திலோ பெயரடை இன்றியமையாததாயிற்று. சொல்லைத் தேவையே எழுப்புகின்றது.

கோயங்கா இச்சொல்லால் குறித்தது பாலி மொழியிலுள்ள ‘உபேக்கா’ என்பதனையே. நட்பு, கருணை, பிறர் மகிழ்ச்சியில் மகிழ்தல் ஆகிய மூன்றோடு நான்காவதாக எண்ணப்படும் பௌத்தப் பண்பு அது. வடமொழியில் ‘உபேக்ஷா’. ‘அருகிருந்து நோக்குதல்’ என்பது வேர்ப்பொருள். இச்சொல் தமிழுக்குப் புதிதன்று. ‘உபேட்சை’ எனத் தமிழில் அது நெடுநாள் வழங்கியது. ஆனால் இங்கு அதன் பொருள் யாது? ஒன்றை உபேட்சை செய்தான் என்றால் அதனைப் புறக்கணித்தான், கவனியாது விட்டான் என்பதே பொருள். அருகிருந்து நோக்குதலைக் குறித்த சொல் நோக்காது விடுதலைக் குறிக்கும் சொல்லாகத் தலைகீழாயிற்று.

இவ்வீழ்ச்சி தற்செயலானதன்று என்பதே எம் கருத்து. கி.பி. ஐந்தாம் நூற்றாண்டினரான புத்தகோசர் தம் விசுத்திமக்கத்தில், ஒவ்வொரு நற்பண்புக்கும் தொலைவிலுள்ள பகை ஒன்றும் அண்மையிலுள்ள பகை ஒன்றும் உண்டு எனக் கூறுகின்றார். தொலைப்பகை எளிதில் அடையாளங் காணத்தக்கது. அண்மைப்பகையோ அப்பண்பின் முகத்தையே அணிந்துகொண்டு வருவது. உபேக்காவின் அண்மைப்பகை அறியாமையால் விளையும் அக்கறையின்மை. ஆஸ்லர் மருத்துவரை எச்சரித்ததும் இதனையே அன்றோ? புத்தகோசரோடு ஒரு காலத்தவராகக் கருதப்படும் புத்ததத்தர் தம்மை உரகபுரத்தவர் எனக் கூறிக்கொள்கின்றார். அதனை உறையூர் எனக் கொள்வர். சோழநாட்டில் இருந்து பாலியில் நூல் எழுதிய அவர் காலத்தே இச்சொல்லின் நுண்பொருளை அறிந்தோர் இந்நாட்டில் இருந்திருத்தல் வேண்டும். பின்னர்ப் பௌத்தம் இந்நிலத்தினின்று மறைந்தது. சொல் மட்டும் எஞ்சிற்று. எஞ்சிய சொல்லை அண்மைப்பகையே கைக்கொண்டது. இன்று ‘இக்வானிமஸ்’ என்பதற்கு ‘உபேட்சையுள்ள’ என எழுதுவார் இலர். ஆயினும் ‘எதையும் பொருட்படுத்தாத’ என எழுதும் மாணவர் தம்மை அறியாமலே அவ்வழியில் நடக்கின்றனர்.

அடுத்து நிற்பது ‘நிதானம்’. மக்கள் வழக்கில் மிகச் செல்வாக்குடைய சொல் இதுவே. வடமொழியில் இதற்கு மூலகாரணம் என்பது பொருள். மருத்துவத்தில் நோயின் காரணத்தை ஆராய்ந்தறிதல். மாதவநிதானம் என்னும் நூற்பெயரிலும் அப்பொருளே உள்ளது. தமிழில் இது காரணத்தை ஆராய்வதிலிருந்து, ஆராய்பவனுக்கு வேண்டிய பதறாமையைக் குறிப்பதாக நகர்ந்திருத்தல் கூடும். ‘நிதானித்தல்’ என்னும் வினை இன்றும் அளந்தறிதலைக் குறிப்பது இதற்குச் சான்று. குடித்தவனை ‘நிதானம் தவறியவன்’ என்கிறோம். ஈண்டுத் தெளிவே பொருள். ஆனால் சொல் அங்கும் நின்றுவிடவில்லை. சென்னை–திருச்சி நெடுஞ்சாலை பெரம்பலூரைக் கடந்து பாடாலூர் வழியே செல்கின்றது. அச்சாலையில் ஊர்தி ஓட்டுபவனிடம் அருகிலிருப்பவர் ‘நிதானமாகப் போ’ என்றால், மெல்லப் போ என்பதன்றி வேறொரு பொருளும் அவன் கொள்ளான். விரைவின்மை என்னும் பொருளுக்கு இச்சொல் இவ்வளவு இடங் கொடுத்துவிட்டமையால், விரைந்து செயற்படவேண்டிய நேரத்தும் மனஞ் சாயாதவனை இதனால் குறிப்பது இடர்ப்பாடாகின்றது. அறுவை மருத்துவன் நிமிடத்தில் முடிவெடுக்கின்றான். அவன் ‘இக்வானிமஸ்’ ஆனவன், ஆனால் நிதானமானவன் என்றால் கேட்போன் மயங்குவான்.

‘சமநிலை’ என்பது சொல்லமைப்பில் இலத்தீன் சொல்லுக்கு மிக நெருங்கியது. கூத்த நூலார் கொண்ட ஒன்பதாம் சுவைக்கு உரைகளில் வழங்கும் பெயர்களுள் ஒன்றும் இதுவே. எனினும் இயற்பியலும் வேதியியலும் இதனைத் தமக்கென எடுத்துக்கொண்டன; பள்ளிச் சிறுவனுக்கு இச்சொல் தராசுத் தட்டையும் வேதிவினையையும் நினைவூட்டுவது. விளையாட்டுச் செய்தியில் ஆட்டம் சமநிலையில் முடிகின்றது. ‘மனச்சமநிலை’ எனச் சேர்த்தெழுதினால் பெயர்ச்சொல்லுக்கு ஆகும். பெயரடைக்கு ‘மனச்சமநிலையுடைய’ என நீட்ட வேண்டியுள்ளது. ‘மனச்சமநிலை இழந்தவர்’ என்பது பித்துப் பிடித்தவரைக் குறிக்கும் நயத்தக்க வழக்காகவும் ஆகிவிட்டமையால், அதன் மறுதலை வெறும் நலமுடையவரையே குறிக்கும் அளவுக்குச் சுருங்கியது.

‘அமைதி’யைப் பற்றிப் பலபடப் பேசவேண்டுவதில்லை. அது அமைதல் என்னும் வினையிற் பிறந்து, பொருந்துதல், நிறைதல் ஆகிய பொருள்களைக் கொண்டு, இன்று ஓசையின்மையும் போரின்மையுமாய் வழங்குகின்றது. கலக்கத்திற்குக் காரணமே வாராத இடத்திலும் அமைதி உண்டு. ‘இக்வானிமஸ்’ என்பதோ காரணம் வந்து தாக்கிய இடத்தில் மட்டுமே சோதிக்கத்தக்க குணம்.

இவற்றினும் பழமையும் பொருத்தமும் வாய்ந்தது ‘நடுவுநிலை’. தொல்காப்பிய மெய்ப்பாட்டியல், நகை முதலாக உவகை ஈறாக எட்டு மெய்ப்பாடுகளையே கூறுகின்றது. நாடக நூலார் ஒன்பதாவதாக நடுவுநிலையைக் கூட்டினர். தொல்காப்பியர் ஏன் எட்டோடு நின்றார் என உரையாசிரியர் ஆராய்கின்றனர். அவ்வியலிலேயே, எட்டும் ஒழிந்த பிற மெய்ப்பாடுகளை அடுக்கும் நூற்பாவில் நடுவுநிலை, அருளல், அடக்கம் ஆகியன இடம்பெறுதலையும் உடன் வைத்து நோக்குக. ஆசிரியர் அதனை அறியாது விட்டவர் அல்லர். தலைமை எட்டனுள் வைக்காது விட்டவரே. இதற்குக் காரணம் யாம் ஒன்று கருதுகின்றோம். மெய்ப்பாடு என்பது உள்ளத்து நிகழ்வது மெய்யின்கண் புலப்படுதல். நகைக்குப் பல்லும், அழுகைக்குக் கண்ணீரும், அச்சத்திற்கு நடுக்கமும், வெகுளிக்குக் கண்சிவத்தலும் உண்டு. சாயாத உள்ளத்திற்கு மெய்யில் தோன்றும் குறி யாது? குறி தோன்றாமையே குறி. கண்டோர், இவன் நடுங்கவில்லை, சிவக்கவில்லை, வாடவில்லை என்று பிற குறிகளின் இன்மையைக் கொண்டே அதனை அறிய வேண்டும். மொழியும் அதனை எதிர்மறையாற் கூறுதலே இயல்பு என்பது இதனால் போதரும். இக்கருத்துக்குச் சிறிது பின்னர் வருவோம்.

திருக்குறளில் நடுவுநிலைமை பன்னிரண்டாம் அதிகாரம். அங்கு அதற்குப் பொருள் நேர்மை. பகை, நொதுமல், நண்பு என்னும் மூன்று பகுதியினும் முறை பிறழாமை. 1886இல் வெளிவந்த தம் மொழிபெயர்ப்பில் போப் அதற்கு இட்ட ஆங்கிலத் தலைப்பும் பக்கஞ்சாயாமையையே குறிப்பது. ஆனால் அவ்வதிகாரத்துத் துலாக்கோல் உவமையைப் பரிமேலழகர் விரிக்குமாறு காண்க. கோல் முன்னே தான் சமனாக நின்று, பின்னரே தன்கண் வைத்த பாரத்தை அளந்து காட்டும் என்கின்றார். பாரம் ஏறுமுன்பே கோல் தன்னுள் ஒப்ப நின்றால் அல்லது அதன் தீர்ப்பு நேர்மையாகாது. நீதிக்கு முன்நிலை உள்ளத்தின் சமன் என்பது அவ்வுவமையின் உட்கிடை. ஆங்கிலத்தில் 1600ஐ ஒட்டி ஒரே சொல்லில் இருந்த இரண்டு பொருள்களும் தமிழிலும் ஒரே சொல்லில் இருந்தன: நாடக நூலார்க்கு நடுவுநிலை ஒரு சுவை, வள்ளுவர்க்கு ஓர் அறம். பின்னர் ஆங்கிலம் நேர்மையைக் கைவிட்டு அமைதியை வைத்துக்கொண்டது. தமிழோ அமைதியைக் கைவிட்டு நேர்மையை வைத்துக்கொண்டது. இன்று நடுநிலையாளர் என்றால் இரு கட்சிக்கும் சேராதவர். ஆகவே சொற்பிறப்பால் உடன்பிறந்த இவ்விரண்டும் இன்று ஒன்றற்கொன்று நிகராக நிற்க இயலாதனவாயின. வருந்தத்தக்கதே, எனினும் வழக்கை மீறி ஒரு சொல்லைப் பழம்பொருளுக்கு இழுத்துச் செல்லுதல் எவர்க்கும் எளிதன்று.

போப் அவர்களின் மற்றொரு தலைப்பு இவ்வாராய்ச்சிக்கு மேலும் பயன்படும். அறுபத்துமூன்றாம் அதிகாரமாகிய இடுக்கண் அழியாமைக்கு அவர் இட்ட தலைப்பு ‘துன்பத்தில் நம்பிக்கையுடைமை’ என்னும் பொருளது. அதிகாரம் முழுதும் நம்பிக்கை எங்குளது? நாளை நன்மை வரும் என்று வள்ளுவர் அங்கு ஆறுதல் கூறவில்லை. தடைப்பட்ட இடமெல்லாம் உந்திச் செல்லும் பகட்டினைக் காட்டுகின்றார். பெற்ற காலத்துப் பற்றிக்கொள்ளாதவர் இழந்த காலத்து அல்லற்படுவரோ என வினவுகின்றார். இன்பத்தினிடையே இன்பத்தை விழையாதவன் துன்பத்தினிடையே துன்பம் எய்தான் என்கின்றார். இவ்விறுதிக் கருத்து ‘இம்பெர்ட்டர்பபிள்’ என்னும் எல்லையைக் கடந்து ‘இக்வானிமஸ்’ என்னும் எல்லைக்குள் வந்துவிடுகின்றது. துன்பத்திற் சாயாமைக்கு வேர் இன்பத்திற் சாயாமை என்பது வள்ளுவர் கண்டது. போப் பெருமகனார் தமிழுக்கு ஆற்றிய தொண்டு பெரிது. எனினும் ‘அழியாமை’ என்னும் எதிர்மறையை ‘நம்பிக்கை’ என்னும் உடன்பாடாக மாற்றிய இடத்து, மூலத்தில் இல்லாத ஓர் எதிர்காலம் வந்து புகுந்துவிட்டது.

புறநானூற்றிலும் இரண்டு பாடல்கள் அடுத்தடுத்து நின்று இப்பொருளைப் பேசுகின்றன. 191ஆம் பாட்டில் பிசிராந்தையார், தமக்கு நரை தோன்றாமைக்குக் காரணம் கூறுமிடத்து, தம் ஊரிலுள்ள சான்றோரை ஆன்றமைதல், அவிதல், அடங்குதல் என்னும் மூன்று வினைகளால் சிறப்பிக்கின்றார். இவற்றுள் அவிதல் விளக்குத் தணிவதற்கும் வழங்குவது. நிர்வாணம் என்னும் சொல்லுக்கும் அணைதலையே வேர்ப்பொருளாகக் கூறுவர் என்பது ஒப்புநோக்கத்தக்கது. 192ஆம் பாட்டில் கணியன் பூங்குன்றனார், மலையாற்று வெள்ளத்தின் வழிப்படும் புணையை உவமை காட்டி, வாழ்தலை இனிதென மகிழ்தலும் இல்லை, இன்னாதென வெறுத்தலும் இல்லை என்னும் கருத்தினை அமைக்கின்றார். இரண்டு பக்கமும் எதிர்மறுக்கப்படுதல் காண்க. ‘இக்வானிமஸ்’ என்பதன் முழு இலக்கணமும் அங்குளது. ஆனால் தனிப் பெயரடை ஒன்றும் அங்கில்லை. புலவர்க்கு அது வேண்டப்படவில்லை.

இங்ஙனம் பழைய இலக்கியம் உடன்பாட்டுச் சொல்லைத் தேடாமல் எதிர்மறையையே நாடியது ஏன் என்பதற்கு விடை இலக்கணத்தில் உள்ளது. தமிழில் கலக்கத்தைக் குறிக்கும் வினைகள் ஏராளம். தொல்காப்பிய உரியியல், அலமரல், தெருமரல் என்பனவற்றைச் சுழற்சிப் பொருளிலும், அதிர்வு, விதிர்ப்பு என்பனவற்றை நடுக்கப் பொருளிலும் வைக்கின்றது. கலங்குதல் தெளிந்த நீர் சேறுபடுதல். துளங்குதல் நிலையினின்று அசைதல். பதறுதல் விரைவினால் தடுமாறுதல். பதறாத காரியம் சிதறாது என்பது பழமொழி. குலைதல் கட்டு அவிழ்தல். திரிதல் ஒன்று தன் இயல்பு மாறி வேறாதல். பால் திரிவது போல. இவை ஒவ்வொன்றும் வேறு வேறு காட்சியைத் தருவன. இவற்றின் எதிர்மறைப் பெயரெச்சங்களே தமிழ் நமக்குத் தரும் பெயரடைகள்: கலங்காத, துளங்காத, பதறாத, குலையாத, திரியாத. செய்யுளில் இவை ஈறு கெட்டுக் கலங்கா, துளங்கா என நிற்கும்.

இவ்வெச்சத்தின் சிறப்பு ஒன்றுண்டு. உடன்பாட்டுப் பெயரெச்சம் காலங் காட்டும். கலங்கிய, கலங்குகின்ற, கலங்கும் என மூன்றாகப் பிரியும். எதிர்மறைப் பெயரெச்சமோ மூன்று காலத்துக்கும் பொது. ‘கலங்காத நெஞ்சம்’ என்றால் நேற்றும் கலங்கிற்றிலது, இன்றும் கலங்குகின்றிலது, நாளையும் கலங்காது. நிகழ்ச்சி ஒன்றைக் கூறுவதாகத் தொடங்கிய வினை குணத்தைக் கூறும் சொல்லாகத் தானே மாறிவிடுகின்றது. ஆங்கிலத்தில் ‘இம்பெர்ட்டர்பபிள்’ என்பதன் ஈறு ‘கலக்க முடியாத’ என்னும் ஆற்றற் பொருளைத் தருவது. கலக்குவோன் ஒருவனை வெளியே வைத்து அவனால் இயலாது என்கின்றது. தமிழ் எச்சம் புறத்தேயுள்ள கலக்குவோனைப் பற்றிக் கூறாமல், உள்ளத்தின் செயலையே பேசுகின்றது. உள்ளமே வினைமுதல். குணத்தை உடையவனிடத்தே வைத்துக் கூறுதல் இதனால் நிகழ்கின்றது.

அவ்வாறாயின் எவ்வெச்சத்தை எச்சொல்லுக்கு வைப்பது? ‘இம்பெர்ட்டர்பபிள்’ என்பதன் நடுவே உள்ள இலத்தீன் வினை கலக்குதலையே குறிப்பதாகலின் ‘கலங்காத’ என்பது அதற்கு நேர். ‘அன்ஃப்ளாப்பபிள்’ என்பது படபடத்தலைக் குறிக்கும் படைவீரர் கொச்சையிலிருந்து வந்தது. பிரித்தானியப் பிரதமர் ஹெரால்டு மாக்மில்லனுக்கு இதனை அடைமொழியாக வழங்கினர். 1958 சனவரியில் நிதியமைச்சர் பதவி விலகியபோதும் அவர் அதனைச் சிறிய உள்ளூர்ச் சிக்கல் என்னும் வகையிற் பேசிவிட்டு வெளிநாட்டுப் பயணத்திற் புறப்பட்டார். இச்சொல்லுக்கு நம் பேச்சுவழக்கிலுள்ள ‘அலட்டிக்கொள்ளாத’ என்பதைக் காட்டிலும் நெருங்கிய நிகர் இல்லை. இலக்கிய நடையினர் இதனைக் கொச்சையென ஒதுக்குவர். மூலமும் கொச்சையாகலின் ஒதுக்க வேண்டுவதில்லை.

‘இக்வானிமஸ்’ என்பதற்கு யாம் தெரிந்தெடுப்பது ‘நிலைதிரியாத’ என்பது. அடக்கமுடைமை அதிகாரத்தில், தன் நிலையினின்று திரியாது அடங்கியவனது தோற்றம் மலையினும் பெரிது என்னும் கருத்தினை வள்ளுவர் அமைத்துள்ளார். ‘நிலை’ என்பதனால் சமன் பெறப்படும். ‘திரியாத’ என்பதனால் இன்பத் திரிபும் துன்பத் திரிபும் ஒருங்கே விலக்கப்படும். முதலெல்லை இவ்வாறு அமைந்தது. உணர்ச்சியற்றவனை இச்சொல் குறியாமையும் நோக்குக. திரிதற்குரிய உயிர்ப்புடைய பொருளையே திரியாதது என்கிறோம். கல்லைத் திரியாத கல் எனக் கூறும் வழக்கில்லை. பாலையே திரியாத பால் என்கிறோம். இரண்டாம் எல்லையும் இதனால் அமையும். ‘நிலைகுலையாத’ என்னும் சொல் இன்று பெருவழக்கினது. அதனையே கொள்ளலாமெனின், குலைதல் துன்பத்தினால் மட்டுமே நிகழ்வது. மகிழ்ச்சியால் நிலைகுலைந்தான் என்பார் அரியர். ஆதலின் அது ஒருபக்கச் சொல்.

நூல்வழக்கிற் பொருந்திய சொல் வாழ்க்கையிற் பொருந்துமா என்பதனையும் காண்டல் வேண்டும். பாடாலூரும் செட்டிகுளமும் சூழ்ந்த பெரம்பலூர் வட்டாரம் சின்ன வெங்காயத்திற்குப் பெயர்பெற்றது. அதன் விலை ஏறுதலும் இறங்குதலும் ஆண்டுதோறும் யாவரும் அறிய நிகழ்வன. அறுவடை செய்த உழவர் சிலர் உடனே விற்பர். சிலர் காற்றோட்டமாக அமைத்த பட்டறையில் வைத்துக் காப்பர். அடுத்த நடவுக்கு வேண்டிய விதைக்காயும் அதிலிருந்தே வரவேண்டும். விலை உயர்ந்த ஆண்டில் அளவு மீறிக் கடன் வாங்கிப் பரப்பைப் பெருக்காமலும், விலை வீழ்ந்த ஆண்டில் பயிரை வயலிலேயே உழுது மடக்காமலும் இருக்கும் உழவர் ஒருவரை நினைப்போம். இவரை ‘அமைதியான’ என்றால் அவர் பேச்சுக் குறைந்தவர் என்பதே தோன்றும். ‘நிதானமான’ என்றால் மெல்லச் செய்பவர். பட்டறையில் அழுகல் கண்ட அன்றே விரைந்து பிரித்துக் கொட்டுபவரும் அவரே ஆதலின் அது முழுதும் பொருந்தாது. ‘பொருட்படுத்தாத’ என்றால் பொய். சந்தை விலையை நாள்தோறும் கேட்டறிபவர் அவர். வீட்டில் கல்விக் கட்டணமும் கடன் தவணையும் காத்திருக்க, அவர் நட்டத்தைப் பொருட்படுத்தவில்லை என எழுதுவது அவருக்கு இழைக்கும் அநீதியுமாகும். ‘கலங்காத’ என்பது விலை வீழ்ந்த ஆண்டிற்குச் சரி. விலை உயர்ந்த ஆண்டினை அது தொடவில்லை. இரண்டு ஆண்டினையும் தொடுவது ‘நிலைதிரியாத’ என்பதே. ஊரார் அவரை ‘அசராத ஆள்’ என்பர். அதுவும் ஒருபக்கச் சொல்லேயாயினும் வாய்ப்பேச்சுக்குப் போதும்.

பெயரடையைக் கையாளும் முறை பற்றிச் சில கூறி அமைவோம். ஆங்கிலத்தில் இச்சொல் மனிதரையும் மனத்தையும் நோக்கையும் சிறப்பிக்குமேயன்றிக் கடலையும் வானத்தையும் சிறப்பிப்பதில்லை. தமிழிலும் ‘நிலைதிரியாத உள்ளம்’, ‘நிலைதிரியாத நோக்கு’ எனக் கொள்க. பொருள்களுக்குக் கூறுங்கால் ‘அசையாத’, ‘சலனமற்ற’ போன்றன ஏற்கும். பெயர்ச்சொல்லுக்கு ‘நிலைதிரியாமை’ தானே அமைகின்றது. இடுக்கண் அழியாமை என்பதன் யாப்பே இதற்கும் யாப்பு. வினையடைக்கு ‘நிலைதிரியாது’ என்க. பயிற்சி ஏவல்களில், ‘நிலைதிரியாதிரு’ என்பது ‘இக்வானிமஸாக இரு’ என்பதனினும் ஓசை குறைந்து நிற்பதனைச் சொல்லிப் பார்ப்போர் உணர்வர். விபாசனை போன்ற பௌத்தப் பொருளை மொழிபெயர்ப்போர் ‘நோக்குதல்’ என்னும் வேர்ப்பொருளையும் காக்க விரும்பின் ‘நிலைதிரியாது நோக்கும்’ என இரண்டையும் இணைக்கலாம். உபேட்சை இழந்த கண் அதனால் மீளும். நீதித்துறை நூல்களில் ஆங்கில மூலம் பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்ததாயின், அங்குள்ள ‘ஈக்வனிமிட்டி’க்கு நடுவுநிலைமை என்பதனையே இடுக, அவ்விடத்து அதுவே மூலத்தின் பொருள்.